349 ரூபாய்க்கு 194 நாடுகள்

பேத்தி நாலாவது படிக்கிறாள். பள்ளியில் வினாடி வினாவுக்குப் பேர் கொடுத்துவிட்டு வந்து, "தாத்தா, எனக்கு எல்லா நாடும் தெரியணும்" என்றாள். சரி என்று திருச்சி மெயின்கார்டு கேட் பக்கம் போய், 'உலக நாடுகள் 195' என்று மூடியில் போட்டிருந்த ஒரு அட்டைப் பெட்டியை 349 ரூபாய் கொடுத்து வாங்கி வந்தேன். கம்பெனி பேரைச் சொல்லப் போவதில்லை. அதே கடையில் வேறு வேறு பேரில் நான்கு பெட்டிகள் இருந்தன. படத்தைப் பார்த்தால் நான்கும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள் மாதிரிதான் தெரிந்தது.

சீட்டுக்கட்டைவிடக் கொஞ்சம் பெரிய அட்டைகள். முன்பக்கம் கொடி, பின்பக்கம் தலைநகர், நாணயம், பரப்பளவு, மக்கள்தொகை, கடைசியில் 'சுவாரஸ்யத் தகவல்' என்று ஒரு வரி. அட்டை நல்ல கனம், மேலே லேமினேஷன். ரசம் சிந்தித் துடைத்தும் ஒன்றும் ஆகவில்லை. பெட்டிதான் ஒரே வாரத்தில் வாயைப் பிளந்துவிட்டது. எழுத்து சாம்பல் நிறத்தில் எறும்பு ஊர்வதுபோல் இருக்கிறது. என் கண்ணாடிக்கு எட்டவில்லை, அவள்தான் படித்துச் சொல்கிறாள்.

இரண்டாம் நாள் எண்ணிப் பார்த்தோம். அட்டை 195 இருந்தது. ஆனால் சூடான் இரண்டு முறை வந்திருந்தது, தெற்கு சூடானைக் காணோம். 2011 ஜூலை 9-ல் பிரிந்த நாடு. இன்னும் பெட்டிக்கு வந்து சேரவில்லை. பழைய கல்யாணப் பத்திரிகையை வெட்டி நாங்களே ஒன்று செய்தோம். கறுப்பு, சிவப்பு, பச்சை, நடுவில் வெள்ளைக் கோடுகள், ஓரத்தில் நீல முக்கோணம், அதற்குள் மஞ்சள் நட்சத்திரம். பின்னால் 'ஜூபா' என்று எழுதினாள். திருப்பிப் பார்த்தால் மாப்பிள்ளை வீட்டார் பேர் பாதி தெரியும், பரவாயில்லை.

நான் ஆர்.எம்.எஸ்ஸில், அதாவது ரயில்வே தபால் பிரிவில், 31 வருஷம் தபால் பிரித்தவன். எனக்குத் தெரிந்த நாடுகளெல்லாம் ஸ்டாம்பு வழியாக வந்தவைதான். ராஜா அல்லது ராணி தலை மட்டும் இருந்து நாட்டுப் பேரே இல்லையென்றால் அது பிரிட்டன். 1840-ல் முதல் ஸ்டாம்பை வெளியிட்டவர்கள் என்பதால் அவர்களுக்கு மட்டும் அந்தச் சலுகை. 'ஹெல்வெட்டியா' என்று இருந்தால் சுவிட்சர்லாந்து. அங்கே ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலியன், ரோமான்ஷ் என்று நாலு தேசிய மொழி. சின்ன ஸ்டாம்பில் எந்த மொழிக்காரர் பேரைப் போடுவது? யாருக்கும் சொந்தமில்லாத லத்தீனில் போட்டுவிட்டார்கள். இதையெல்லாம் அட்டையில் எதிர்பார்த்தது என் பிசகுதான். சுவிட்சர்லாந்து அட்டையின் சுவாரஸ்யத் தகவல்: 'சாக்லேட்டுக்குப் பெயர் பெற்றது.' போதாக்குறைக்கு அந்தச் சதுரக் கொடியை இழுத்து நீளமாக்கியிருக்கிறார்கள்.

நேபாளத்தை அதைவிட மோசமாகச் செய்திருக்கிறார்கள். உலகத்திலேயே செவ்வகமோ சதுரமோ இல்லாத ஒரே தேசியக் கொடி அது. அதைச் செவ்வகத்துக்குள் அமுக்கியதில் இரண்டு முக்கோணமும் சப்பையாகிவிட்டன. எனக்குப் பொறுக்கவில்லை. அந்தக் கொடியை எப்படி வரைய வேண்டும் என்று நேபாள அரசியலமைப்புச் சட்டத்தின் அட்டவணையிலேயே ஜியோமெட்ரி கணக்குப் போல எழுதி வைத்திருக்கிறார்கள். அடுப்படித் தரையில் உட்கார்ந்து அதன்படி வரைந்தோம். அடியில் ஒரு கோடு, 9 சென்டிமீட்டர். இடது முனையிலிருந்து மேலே ஒரு கோடு, அடிக்கோட்டைவிட மூன்றில் ஒரு பங்கு அதிகம், அதாவது 12. அந்த 12-ல் 9-வது சென்டிமீட்டரில் ஒரு புள்ளி. அங்கிருந்து அடிக்கோட்டின் வலது முனைக்கு ஒரு சாய்கோடு. கீழ் முக்கோணம் கிடைத்துவிட்டது. அந்தச் சாய்கோட்டில் கீழிருந்து 9 அளந்து, அந்த இடத்தைத் தொட்டுக்கொண்டு, நிமிர்ந்த கோட்டிலிருந்து அடிக்கோட்டுக்கு இணையாக இன்னொரு 9. அதன் வலது முனையை உச்சியோடு சேர்த்தால் மேல் முக்கோணம். நிலா, சூரியனுக்கு இன்னும் நிறைய கணக்கு இருக்கிறது. அதற்குள் அவளுக்குப் பசி வந்துவிட்டது.

நல்லதும் உண்டு. கொடிகளைக் கவிழ்த்து வைத்து ஜோடி சேர்க்கும் விளையாட்டு ஒன்றை அவளே கண்டுபிடித்தாள். ருமேனியாவும் சாட் நாடும் அதில் ஜோடி. நீலம், மஞ்சள், சிவப்பு, கண்ணுக்கு வித்தியாசமே தெரியாது. கம்யூனிஸ்ட் காலத்தில் ருமேனியக் கொடி நடுவில் ஒரு சின்னம் இருந்தது. 1989 புரட்சியில் ஜனங்கள் அதை வெட்டி எறிந்து, ஓட்டைக் கொடியோடு தெருவில் இறங்கினார்கள். சின்னம் போனபின் சாட் கொடி போலவே ஆகிவிட்டது. இந்தக் கதையைச் சொன்னதும் கத்தரிக்கோலை எடுத்துவிட்டாள். நல்ல வேளை, பிடுங்கிக்கொண்டேன்.

கிரிபாத்தி என்று ஒரு அட்டை. பசிபிக் தீவு நாடு, 1979-ல் சுதந்திரம். சுவாரஸ்யத் தகவல்: 'இது ஒரு அழகான தீவு நாடு.' அடப் பாவிகளா! முதலில், அந்தப் பேரை உச்சரிப்பதே கிரிபாஸ் என்றுதான். அந்த மொழியில் 'எஸ்' எழுத்து கிடையாது. 'டி', 'ஐ' இரண்டையும் சேர்த்து எழுதி அந்த ஒலியாகப் படிப்பார்கள். வெள்ளைக்காரர்கள் கில்பர்ட் தீவுகள் என்று வைத்த பேரைத் தங்கள் வாய்க்குத் தோதாக மாற்றிக்கொண்டதுதான் கிரிபாஸ். நாம் ஹாஸ்பிடலை ஆஸ்பத்திரி ஆக்கவில்லையா, அப்படி. அப்புறம், தாண்டினால் தேதியே மாறிவிடும் சர்வதேசத் தேதிக்கோடு நாட்டுக்கு நடுவே ஓடியதால், தலைநகர் தாராவாவில் திங்கள் என்றால் கிழக்குக் கோடித் தீவுகளில் ஞாயிறு. ஒரே நாட்டு ஆபீஸ்களுக்கு வாரத்தில் சேர்ந்தாற்போல் நாலு நாள்தான் வேலை. 1995-ல் அந்தத் தேதிக்கோட்டையே கிழக்கே வளைத்துவிட்டார்கள்.

வினாடி வினாவில் வந்தது பொலிவியா. அட்டையில் தலைநகர் லா பாஸ் என்றுதான் இருந்தது. நான்தான் சுக்ரே என்று சொல்லிக் கொடுத்திருந்தேன். 1898-99 உள்நாட்டுச் சண்டையில் லா பாஸ் பக்கம் ஜெயித்தது. அரசாங்கம் அங்கே போனது, உச்ச நீதிமன்றம் சுக்ரேயிலேயே தங்கிவிட்டது, அரசியலமைப்புச் சட்டம் இன்றைக்கும் சுக்ரேயைத்தான் தலைநகர் என்கிறது. பேத்தி எழுந்து 'சுக்ரே' என்றிருக்கிறாள். தப்பு என்று அடித்துவிட்டார்கள். வீட்டுக்கு வந்து அட்டையை என் முகத்துக்கு நேரே நீட்டி, "இதுல இருக்கறதையே சொல்லியிருக்கலாம் தாத்தா" என்றாள். ஒரு நாள் பேச்சுவார்த்தை கிடையாது.

மக்கள்தொகை எண்களை விட்டுவிடுங்கள், எந்த அட்டையிலும் பழசாகத்தான் இருக்கும். வாங்குவதாக இருந்தால் கடையிலேயே பெட்டியைப் பிரிக்கச் சொல்லி மூன்று அட்டைகளைப் பாருங்கள். சுவாசிலாந்து என்று இருந்தால் 2018-க்கு முந்தைய சரக்கு. அந்த நாடு இப்போது எஸ்வாட்டினி. வெறும் மாசிடோனியா என்று இருந்தாலும் பழசு; 2019-லிருந்து வடக்கு மாசிடோனியா. குரோஷியாவுக்கு நாணயம் குனா என்று போட்டிருந்தால், 2023 ஜனவரியிலிருந்து அங்கே யூரோ. எங்கள் பெட்டி மூன்றிலும் தோற்றது. ஐந்துக்கு மூன்று நட்சத்திரம் தருகிறேன், மூன்றாவது அந்த லேமினேஷனுக்கு. ஆனால் அதன் மேல் பால்பாயிண்ட் பேனா எழுதாது. திருத்துவதற்கு மார்க்கர் ஒன்றும் சேர்த்து வாங்கிக்கொள்ளுங்கள், 25 ரூபாய்.