பாதாம் பிஸ்காட்டி மிக்ஸ்: வாங்கலாமா?

ஆன்லைன்ல விக்கிற ஒரு இத்தாலியன் ஆல்மண்ட் பிஸ்காட்டி (ரெண்டு தடவ பேக் பண்ற மொறுமொறு பாதாம் பிஸ்கட்) மிக்ஸ் வாங்கி வீட்ல செஞ்சு பாத்தேன், பிராண்ட் பேர் வேணாம். டேஸ்ட் மோசம்னு சொல்ல மாட்டேன், ஆனா இது பிஸ்காட்டி இல்லங்க, பிஸ்காட்டி ஷேப்ல வெட்டுன பட்டர் குக்கி.

மைதா, சக்கரை, பேக்கிங் பவுடர், எசன்ஸ் எல்லாம் பாக்கெட்டுக்குள்ளயே வந்துடுது, நம்ம சேக்க வேண்டியது முட்டையும் உருக்குன வெண்ணெயும்தான். அந்த வெண்ணெய்லதான் விஷயமே கெடுது. இத்தாலில டஸ்கனி பக்கம் பிராட்டோன்னு ஒரு ஊர், அங்க அன்டோனியோ மத்தேயிங்கறவர் 1858ல ஆரம்பிச்ச பேக்கரி இன்னமும் ஓடிட்டிருக்கு, நீல பேப்பர் பைல போட்டு குடுப்பாங்களே அந்த கடைதான். அவங்க பாதாம் பிஸ்காட்டில மைதா, சக்கரை, முட்டை, பாதாம், கொஞ்சம் பைன் நட்ஸ், அவ்ளோதான், வெண்ணெய் கிடையாது பேக்கிங் பவுடரும் கிடையாது. வெண்ணெய் இல்லாததாலதான் ரெண்டாவது தடவை ஓவன்ல காயும்போது அப்படி கடக்கு முடக்குன்னு ஆகுது, அங்க அத வின் சாண்டோங்கற இனிப்பு ஒயின்ல முக்கி சாப்பிடுவாங்க, காபில முக்குனாலும் ஜோர்தான். இந்த மிக்ஸ்ல செஞ்சத காபில முக்குனா கைல பாதி கப்புல பாதி, அப்புறம் ஸ்பூன் போட்டு தேடணும்.

அடுத்து பாதாம். அட்டைப்படத்துல முழுசு முழுசா இருக்கு, உள்ள பாத்தா தோல் உரிச்சு சீவுனது, அதுவும் கஞ்சத்தனமா. தோலோட முழு பாதாம் போட்டாதான் வெட்டும்போது கத்தி அத குறுக்க அறுத்துட்டு போகும், வெட்டுன பக்கத்துல வெள்ளை வெளேர்னு பாதாம், அத சுத்தி மெல்லிசா ஒரு பிரவுன் கோடு, பாக்கவே ஆசையா இருக்கும். முன்னாடியே வறுக்கணும்னும் இல்ல, எப்படியும் ரெண்டு தடவ ஓவனுக்குள்ள போகுதே. பாதாம் கம்மியா இருக்கறத மறைக்கவோ என்னவோ எசன்ஸ அள்ளி கொட்டிருக்காங்க, பாக்கெட்ட பிரிச்சதும் மூக்குல ஏறுது.

ஒண்ணு மட்டும் பாராட்டணும், உள்ள இருக்குற செய்முறை சீட்டு உருப்படியா இருக்கு. 180 டிகிரில 25 நிமிஷம் நீளக்கட்டையா பேக் பண்ணி எடுத்ததும் வெட்டாதீங்க, 10-15 நிமிஷம் ஆறட்டும்னு போட்டிருக்கான், ரொம்ப கரெக்ட். சூடா வெட்டுனா பொலபொலன்னு உதிரும், முழுசா ஆறிட்டா கத்தி வைக்கிற இடத்துல வெடிக்கும். பல்லு வச்ச பிரெட் கத்திய அழுத்தாம ரம்பம் மாதிரி இழுத்து இழுத்து சாய்வா ஒன்றரை சென்டிமீட்டர் கனத்துக்கு வெட்டி, படுக்க வச்சு 150 டிகிரில பக்கத்துக்கு 10 நிமிஷம் காய விடணும். ஓவன்லருந்து எடுக்கும்போது நடுவுல லேசா மெத்துன்னு இருக்கும், பயப்படாதீங்க, ஆற ஆற இறுகிடும்.

ஆனா அந்த சீட்டுக்காக யாராவது மிக்ஸ் வாங்குவாங்களா? மிக்ஸ் இல்லாம செய்ய வேணுங்கறது இவ்ளோதான்: 250 கிராம் மைதா, 175 கிராம் சக்கரை, 2 முட்டை, கூட ஒரு மஞ்சக்கரு, 150 கிராம் முழு பாதாம், ஒரு சிட்டிகை உப்பு, அரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர் (பிராட்டோக்காரங்க திட்டுவாங்க, பரவால்ல, வீட்டு ஓவனுக்கு இது இருந்தா பல்லு தப்பிக்கும்). மாவு கைல பிசுபிசுன்னு ஒட்டத்தான் செய்யும், அதுக்காக மேல மேல மைதா போடாம கைய ஈரம் பண்ணிட்டு உருட்டுங்க. மிக்ஸ் மிச்சம் பண்றது இந்த அளக்குற வேலைய மட்டும்தான், மிஞ்சிப்போனா அஞ்சு நிமிஷம்.

அஞ்சுக்கு ரெண்டு ஸ்டார், அதுல ஒண்ணு அந்த சீட்டுக்கு. எடை மெஷின் இல்லாதவங்க, மெத்துன்னு இருந்தாதான் பிடிக்கும்ங்கறவங்க வாங்கிக்கோங்க, மத்தவங்க அந்த காசுக்கு நல்ல பாதாமா பாத்து வாங்குங்க.