ஆலப்புழை, கோதாவரி, மேகாங்: படகு எவ்வளவு நேரம் ஓடுகிறது?

அப்பாவுக்கு எழுபது முடிந்தபோது அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான். “ஆத்து மேலயே ரெண்டு நாள் போற மாதிரி படகு எங்காச்சும் இருந்தாப் பாரு அம்மணி. எறங்கி எறங்கி எடம் பாக்கறதெல்லாம் வேண்டாம்.” பவானிக்குப் பக்கத்தில் காவிரிக்கரை கிராமத்தில் பிறந்து, பரிசலில் ஆற்றைக் கடந்து பள்ளிக்கூடம் போனவர். நாற்பது வருடமாக பெங்களூரு அல்சூரில் இருக்கிறார். இங்கே தண்ணீர் என்றால் அல்சூர் ஏரிதான். அதில் அரை மணி நேரம் சுற்றி வந்தால் அவருக்கு ஆசை கூடுமே தவிரத் தீராது.

அவருக்காகத் தேடத் தொடங்கி, மூன்று வருடத்தில் மூன்று இடத்துக்குப் போய்விட்டோம். முதலில் ஆலப்புழை படகு வீடு. அப்புறம் ஆந்திராவில் பாபிகொண்டலு மலைகளுக்கு நடுவே கோதாவரியில் போகும் படகு. கடைசியாகப் போன டிசம்பரில் லாவோஸ்: தாய்லாந்து எல்லையில் இருக்கும் ஹுவேசாயில் ஏறி, மேகாங் ஆற்றின் போக்கிலேயே இரண்டு நாள் வந்து லுவாங் பிரபாங்கில் இறங்கும் மெதுவான மரப்படகு. இப்போது யாராவது கேட்டால் யோசிக்காமல் லாவோஸ் என்றுதான் சொல்வேன். ஆனால் அதற்குக் காரணம் அழகு இல்லை.

அழகில் மூன்றுமே குறைவில்லாதவை. ஆலப்புழையைச் சுற்றியுள்ள குட்டநாட்டில் வயல் கடல் மட்டத்துக்குக் கீழே இருக்கிறது. படகில் உட்கார்ந்தபடி வரப்புக்கு அந்தப்பக்கம் தாழ்ந்து கிடக்கும் நெல்லைக் குனிந்து பார்க்க வேண்டும். அந்தக் காட்சி வேறெங்கும் கிடைக்காது. பாபிகொண்டலுவில் மலைகள் இரண்டு பக்கமும் நெருங்கி வந்து, அவ்வளவு அகலமான கோதாவரியை ஒரு சந்துக்குள் நுழைப்பது போல நுழைக்கும். மேகாங்கில் காடும் பாறையும் மணல் திட்டும் மாறி மாறி வரும். இதில் எது உசத்தி என்று பேசுவது வீண்.

செலவும் எளிதில் சொல்லிவிடக்கூடியதுதான். ஆலப்புழைக்கு இரவுப் பேருந்து போதும். படகு வீட்டுக்கு எங்களுக்கு ஒரு இரவுக்கு ஒன்பதாயிரம் ஆனது. பாபிகொண்டலுவுக்கு ராஜமுந்திரி வரை போக சேஷாத்ரி எக்ஸ்பிரஸ் ரயில் இருக்கிறது. லாவோஸ் படகுச் சீட்டு ஒருவருக்கு நம் பணத்தில் இரண்டாயிரத்துக்குள் அடங்கிவிட்டது. ஆனால் படகுத்துறை வரை போய்ச் சேர பாங்காக் விமானம், அங்கிருந்து சியாங் ராய், அப்புறம் இரண்டரை மணி நேரப் பேருந்து, எல்லையில் விசா என்று பத்து மடங்குக்கு மேல் ஆகிறது. காசுதான் முடிவு செய்யும் என்றால் இங்கேயே நிறுத்திக்கொண்டு ஆலப்புழைக்குப் போகலாம். தப்பே இல்லை.

என் முடிவை மாற்றியது அப்பாவின் பாக்கெட் டைரி. ரயிலில் போனால் ஒவ்வொரு ஸ்டேஷனிலும் வண்டி வந்த நேரம், கிளம்பிய நேரம் இரண்டையும் எழுதும் பழக்கம் அவருக்கு உண்டு. படகிலும் அதையே செய்தார். ஆலப்புழைப் பக்கத்தில் இப்படி இருக்கிறது: 12.20 கிளம்பியது. 1.30 சாப்பாட்டுக்குக் கட்டியது. 2.40 கிளம்பியது. 5.25 கட்டியது. மறுநாள் 8.00 கிளம்பியது. 8.55 துறை. கூட்டிப் பார்த்தால் ஐந்து மணி நேரத்துக்கும் கீழே. இருபது மணி நேரத்துக்கு மேல் படகில் இருந்திருக்கிறோம், முக்கால்வாசி நேரம் படகு தென்னை மரத்தில் கட்டிக் கிடந்திருக்கிறது.

இது அந்தப் படகுக்காரர் செய்த குறை இல்லை. சாயங்காலம் ஐந்தரை, ஆறு மணிக்கு மேல் படகு வீடுகள் ஓடக்கூடாது. அதற்கப்புறம் காயல் மீனவர்களின் வலைக்கு உரியது. நியாயமான ஏற்பாடு. நண்பகலில் ஏற்றி மறுநாள் காலை இறக்கிவிடும் வழக்கத்தோடு இதைச் சேர்த்துப் பாருங்கள், ஓடும் நேரம் இவ்வளவுதான் தேறும். அதுவும் கிளம்பிய துறைக்கே திரும்பி வருகிற வட்டம். கெட்டுவள்ளம் என்பது ஆணியே அடிக்காமல் பலகையைக் கயிற்றால் தைத்துக் கட்டிய படகு, நெல் மூட்டை ஏற்றிப் போவதற்காகப் பிறந்தது. இன்று அது மிதக்கிற விடுதி. கரிமீன் பொள்ளிச்சது அருமை, தூக்கம் அருமை. ஆனால் அப்பா கேட்டது போகிற படகு.

பாபிகொண்டலு ஓட்டத்தில் அதைவிட நன்றாகவே இருந்தது. காலையில் ஏறினால் சாயங்காலம் வரை படகு அதிகம் நிற்பதில்லை. பேரண்டாலபள்ளியில் இறங்கி சிவன் கோயிலைப் பார்த்துவிட்டுத் திரும்பினோம். ஆனால் போன வழியிலேயேதான் திரும்பி வர வேண்டும். மலை நெருங்கும் அந்தப் பகுதி வருவதற்குள் மதியம் ஆகிவிடுகிறது. நாங்கள் போன படகில் ஒலிபெருக்கி நிற்கவே இல்லை. ஆற்றின் சத்தத்தை அன்றைக்கு நான் கேட்கவில்லை. நாங்கள் போனது ஒருநாள் பயணம் மட்டும்தான் என்பதைச் சொல்லிவிட வேண்டும். கொல்லூரு பக்கம் மூங்கில் குடிலில் இரவு தங்கி மறுநாள் திரும்புகிற பயணமும் இருக்கிறது. அதில் போனவர்களுக்கு வேறு அபிப்பிராயம் இருக்கலாம். 2019 செப்டம்பர் 15 அன்று கச்சுலூரு அருகே வெள்ளத்தில் படகு கவிழ்ந்து பலர் இறந்து போனார்கள். ஆகவே ஆற்றில் வெள்ளம் இருக்கும் மாதங்களில் அந்தப் பக்கம் திட்டமே போடாதீர்கள். உயிர்காப்புச் சட்டையைக் கழற்றவும் கழற்றாதீர்கள்.

இனி மேகாங். டைரியில் முதல் நாள் 11.35 முதல் 5.50 வரை, இரண்டாம் நாள் 9.10 முதல் 4.40 வரை. பதிமூன்று மணி நேரத்துக்கு மேல் ஓட்டம், ஏறத்தாழ 300 கிலோமீட்டர். ஒரு வளைவைக்கூட இரண்டாவது தடவை பார்க்கவில்லை. நடுவில் ஒரே ஒரு இரவு, பாக் பெங் என்ற சின்ன ஊரில் கரையேறித் தூங்க வேண்டும். மறுநாள் காலையில் வேறொரு படகு அதே டிக்கெட்டில் ஏற்றிக்கொள்கிறது.

அந்த ஊர்ப் பெயரைக் கேட்டதும் அப்பா விசாரித்தார். லாவோ மொழியில் பாக் என்றால் வாய். பெங் ஆறு மேகாங்கில் வந்து விழும் வாய் பாக் பெங். இன்னும் கீழே ஊ ஆறு வந்து சேரும் இடம் பாக் ஊ. “அப்ப இது கூடுதுறை” என்றார். பவானி ஆறு காவிரியில் வந்து சேரும் இடத்தை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். அதற்கப்புறம் கிளையாறு ஒவ்வொன்று வந்து சேரும்போதும் “இன்னொரு கூடுதுறை” என்று எழுந்து நின்று பார்த்தார்.

அந்தப் படகு சுற்றுலாவுக்கென்று மட்டும் ஓடுவதில்லை என்பதுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. நீளமான மரப்படகு, பழைய வேன்களில் இருந்து கழற்றிய இருக்கைகளை வரிசையாகப் போட்டிருக்கிறார்கள். ஓட்டுபவர் முன்னால், இன்ஜின் பின்னால், அதற்கும் பின்னால் அவர் குடும்பமே குடியிருக்கிறது. முதல் நாள் மூன்று மணி வாக்கில் துறை, பலகை, படி எதுவும் இல்லாத ஒரு மணல் திட்டை நோக்கிப் படகு திரும்பியது. ஓட்டுபவர் முனையை நேரே மணலில் முட்டி நிறுத்தினார். ஒரு அம்மாள் அரிசி மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு குதித்து இறங்கினார். பின்னாலேயே அவர் பையன், புது ரைஸ் குக்கர் பெட்டியைக் கட்டிப் பிடித்தபடி. மேலே காட்டுக்குள் இருந்து இரண்டு பிள்ளைகள் ஓடி வந்தார்கள். படகுக்காரர் பையன் நீளமான மூங்கில் கழியை மணலில் ஊன்றித் தள்ள, படகு பின்வாங்கித் திரும்பியது. மொத்தம் இரண்டு நிமிடம் இருக்கும். அப்பா டைரியில் நேரம் எழுதவில்லை. “எங்கூர்ப் பரிசலும் இப்படித்தான் முட்டி நிக்கும்” என்று மட்டும் சொன்னார்.

சிரமங்களையும் சொல்கிறேன், வயதானவர்களைக் கூட்டிப் போகிறவர்களுக்கு இவை முக்கியம். டிசம்பரில் ஆறு இறங்கியிருக்கும். அதனால் கரை உயர்ந்து நிற்கும். பாக் பெங்கில் பலகை மேல் நடந்து, செங்குத்தான ஏற்றம் ஏற வேண்டியிருந்தது. முட்டி வலி உள்ளவர்களுக்கு அது கஷ்டம். அப்பா இரண்டு தடவை நின்று மூச்சு வாங்கினார். இன்ஜின் பக்கத்தில் இடம் கிடைத்தால் காது போய்விடும். சீக்கிரமே ஏறி முன்பாதியில் உட்காருங்கள். காலைப் பனியோடு காற்றும் சேர்ந்து, பெங்களூரு ஜனவரிக் குளிருக்குப் பழகிய எங்களுக்கே ஸ்வெட்டர் போதவில்லை. படகில் கிடைப்பது கப் நூடுல்ஸ், சிப்ஸ், காபி. நாங்கள் வீட்டில் கிளறிய புளிக்காய்ச்சல் கொண்டு போயிருந்தோம். ஹுவேசாயில் தங்கிய வீட்டில் சூடான சோறு வாங்கிப் பிசைந்து வைத்துக்கொண்டோம். மறுநாள் பாக் பெங்கில் மூங்கில் கூடையில் தந்த ஒட்டுச்சோற்றுக்கு இட்லிப் பொடியும் எண்ணெயும். உருட்டிப் பொடியில் தொட்டால் அப்படி ஒரு பொருத்தம்.

லுவாங் பிரபாங்கில் படகு ஊருக்குள் வராது. ஏறத்தாழ பத்து கிலோமீட்டர் முன்னாலேயே இறக்கிவிடுகிறார்கள், அங்கிருந்து டுக்டுக்.

அதே ஆற்றில் இரண்டு நாள் சொகுசுப் படகுகளும் போகின்றன. மதியச் சாப்பாடு, கிராமத்தில் ஒரு நிறுத்தம், ஆயிரக்கணக்கான புத்தர் சிலைகள் இருக்கும் பாக் ஊ குகையில் ஒரு நிறுத்தம் எல்லாம் உண்டு. விலை பல மடங்கு. நான் அதில் ஏறியதில்லை, எதிரே கடந்து போகும்போது பார்த்ததுதான். எங்கள் படகு பாக் ஊவில் நிற்கவில்லை. குகையைப் பாறைச் சுவரில் இரண்டு கறுப்பு வாயாகத் தூரத்தில் பார்த்தோம், அவ்வளவுதான். முதுகுவலி இருப்பவர்களுக்கு சொகுசுப் படகே சரியாக இருக்கும் என்று தோன்றுகிறது. ஆறேழு மணி நேரத்தில் கொண்டுபோய் விடும் வேகப்படகு மட்டும் வேண்டவே வேண்டாம். ஹெல்மெட் போட்டுக்கொண்டு பாறைகளுக்கு நடுவே பறக்கிறார்கள். எதிர்த்திசையில், ஆற்றை எதிர்த்து மேலே போகும் படகுகளும் உண்டு. அவற்றுக்குக் கூடுதல் நேரம் பிடிக்கும்.

போவதென்றால் தள்ளிப்போடாதீர்கள் என்று சொல்ல எனக்கு ஒரு காரணம் இருக்கிறது. இரண்டாம் நாள் மாலை, பாக் ஊவுக்குச் சற்று மேலே, காடு சட்டென்று விலகி கிரேன்களும் கான்கிரீட்டுமாக நின்றன. 1,460 மெகாவாட் லுவாங் பிரபாங் அணை கட்டுகிறார்கள். கீழே சாயபுரி அணை 2019 முதலே ஓடுகிறது. மேலே பாக் பெங்குக்கும் ஒரு அணைத் திட்டம் இருக்கிறது. படகை ஏற்றி இறக்க அணையில் கதவு வைத்த வாய்க்கால் வைப்பார்கள், ஆனால் தேங்கிய தண்ணீரில் மணல் திட்டு ஏது? பாபிகொண்டலுவுக்கும் கோதாவரியில் கட்டும் போலாவரம் அணையால் இதே நிலைதான். மேட்டூர் அணையில் நீர் வற்றும்போது, மூழ்கிப்போன பண்ணவாடியில் வெளியே தெரியும் நந்தியையும் சர்ச் கோபுரத்தையும் பார்த்து வளர்ந்தவர் அப்பா. கிரேன்களைக் கடக்கும் வரை அவர் பேசவே இல்லை.

நவம்பர் கடைசியில் இருந்து ஜனவரி வரை போவது நல்லது. மார்ச், ஏப்ரலில் மலைச்சரிவு வயல்களைக் கொளுத்துவதால் புகை மண்டிக் காட்சியே தெரியாது.

லாவோஸ் இப்போதைக்கு முடியாது, கையில் இரண்டே நாள்தான் இருக்கிறது என்றால் ஆலப்புழைக்கே போங்கள். ஆனால் படகு வீட்டை எடுக்கும் முன்னால் ஒன்று செய்து பாருங்கள். பெங்களூரு மடிவாளாவில் ராத்திரி பஸ் ஏறி, காலையில் ஆலப்புழை அரசுப் பேருந்து நிலையத்துக்கு வந்துவிட்டால் பக்கத்திலேயே படகுத்துறை. கேரள அரசின் நீர்ப் போக்குவரத்துத் துறை படகு கோட்டயத்துக்குப் போகிறது, சில பத்து ரூபாய்தான். பள்ளிக்கூடப் பிள்ளைகளும் காய்கறிக் கூடைகளும் ஏறி இறங்க, இரண்டரை மணி நேரம் போய்க்கொண்டே இருக்கும். ஜன்னலோரம், இடது கைப் பக்கம் உட்காருங்கள். அப்பா அங்கேதான் உட்கார்ந்திருந்தார், டைரியில் அந்தப் பயணத்தை எழுதிய பக்கம் முழுக்க நிரம்பியிருக்கிறது.