திருகோணமலையில் "தனிப் படகு" பேசுகிறவர்கள் கவனம்

திருகோணமலைக்கு இந்தச் சீசனில் போகிறவர்கள் இதை வாசித்துவிட்டுப் போங்கள். உப்புவெளி, நிலாவெளிக் கரையிலும் விடுதி வாசல்களிலும் "பிரைவேட் போட் டூர்" என்று சொல்லி முற்பணம் வாங்கும் தரகர்கள் இருக்கிறார்கள். படகு அவர்களுடையது இல்லை. படகோட்டியும் அவர்களுடைய ஆள் இல்லை. கடலில் ஏதாவது பிழை நடந்தால் பதில் சொல்லவும் அவர்கள் வரமாட்டார்கள். எங்களிடம் 35,000 ரூபாய்க்குப் பேசினார்கள். கடைசியில் போன காசு அதைவிட அதிகம், கிடைத்த பயணம் பாதிகூட இல்லை.

நாங்கள் ஆறு பேர். நானும் மனைவியும், கனடாவிலிருந்து வந்திருந்த தங்கை குடும்பமும். பிள்ளைகள் இரண்டு பேருக்கும் ஓங்கில் (டொல்பின்) பார்க்கவேண்டும், அதைவிட நிலாவெளிக்கு எதிரே இருக்கிற புறாத்தீவில் சுறா பார்க்கவேண்டும். உப்புவெளியில் நாங்கள் தங்கிய இடத்துக்குப் பக்கத்தில் ஒருவர் படங்கள் ஒட்டிய அட்டையுடன் வந்தார். அதில் ஒரு திமிங்கிலம் வாலைத் தூக்கிக்கொண்டு நிற்கிறது, பின்னால் பனிமலை! திருகோணமலையில் எந்தக் காலத்தில் பனி விழுந்தது என்று மருமகன் கேட்டான். அவர் சிரித்துவிட்டு அட்டையைத் திருப்பிப் பிடித்தார்.

பேச்சு நன்றாக இருந்தது. "அண்ணா, உங்கட குடும்பம் மட்டும்தான். விடியக் காலமை ஓங்கில், திமிங்கிலம், அதுக்குப் பிறகு புறாத்தீவு. டிக்கெட், கண்ணாடி, ஜாக்கெட், சாப்பாடு எல்லாம் சேர்த்துத்தான். நீங்க ஏறி இருந்தாச் சரி." இதையே வாட்ஸ்அப்பில் எழுதி அனுப்பச் சொன்னேன். ஒவ்வொரு முறையும் எழுத்துக்குப் பதிலாக அழைப்புத்தான் வந்தது. நான் எழுதி அனுப்பிய பட்டியலுக்கு ஒரு கட்டைவிரல் படம், அவ்வளவுதான். முற்பணம் 15,000 வாங்கினார். பற்றுச்சீட்டு கேட்டதற்கு, "எங்களுக்குள்ள என்ன அண்ணா சீட்டு" என்றார்.

விடியற்காலையில் கரைக்குப் போனால் படகில் ஏற்கெனவே நான்கு பேர் இருந்தார்கள். இரண்டு வெள்ளைக்காரப் பையன்கள், குருநாகலிலிருந்து வந்த ஒரு தம்பதி. அவர்களிடமும் "தனிப் படகு" என்றுதான் பேசியிருக்கிறார்கள்! ஆளாளுக்கு ஒரு விலை. தரகர் கரையில் இல்லை. அழைத்தேன். "அவங்க சும்மா கொஞ்ச தூரம் வருவாங்க அண்ணா" என்றார். நடுக்கடலில் எங்கே இறங்குவார்கள் என்று கேட்பதற்குள் தொடர்பு அறுந்துவிட்டது. பிள்ளைகள் கரைக்கு வந்துவிட்டார்கள், சூரியன் எழும்பிவிட்டது, முற்பணமும் கொடுத்தாயிற்று. அந்த நேரத்தில் யாரும் திரும்பிப் போகமாட்டார்கள் என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். அவருடைய தொழிலே அந்த அரை மணி நேரத்தில்தான் நடக்கிறது.

பத்துப் பேருக்கு ஏழு உயிர்காப்பு ஜாக்கெட். சின்னவர்களின் அளவில் ஒன்றுகூட இல்லை. பெரியவர்களுடையதைப் பிள்ளைகளுக்குப் போட்டால் கழுத்து வழியாகக் கழன்று வருகிறது. கொக்கி உடைந்ததைக் கயிற்றால் கட்டியிருந்தார்கள். தங்கையின் கணவர் இதற்கு மேல் போகமுடியாது என்று நின்றுவிட்டார். படகோட்டிப் பையன் ஓடிப்போய்ப் பக்கத்துப் படகில் ஐந்து ஜாக்கெட் இரவல் வாங்கி வந்தான், பிள்ளைகளுக்கு இரண்டும் பெரியவர்களுக்கு மூன்றும். ஒரு குறையும் சொல்லாமல் கொடுத்த அந்த மனிதருக்கு நன்றி.

இங்கே கடலைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும், அப்போதுதான் அடுத்தது விளங்கும். திருகோணமலைத் துறைமுக வாயிலுக்குப் பக்கத்திலேயே கடலடியில் மிக ஆழமான பள்ளத்தாக்கு ஒன்று இருக்கிறது. அதனால்தான் கரையிலிருந்து வெகுதூரம் போகாமலே இங்கே பெரிய திமிங்கிலங்களைப் பார்க்க முடிகிறது. கோணேசர் கோயில் இருக்கிற சுவாமி மலையில் நின்றே நீலத் திமிங்கிலத்தின் நீர்ப்புகையைக் கண்டவர்கள் உண்டு. இப்படிப்பட்ட இடத்தில் மெதுவாகப் போய், இயந்திரத்தை நிறுத்திவிட்டுக் காத்திருந்தாலே போதும்.

எங்களுக்கு நடந்தது வேறு. ஓங்கில் கூட்டம் ஒன்று தெரிந்தது, சுழன்று சுழன்று பாய்கிற இனம். பிள்ளைகள் கத்தினார்கள். அடுத்த நிமிடம் நாலைந்து படகுகள் சுற்றி வந்துவிட்டன. எங்கள் படகு முழு வேகத்தில் கூட்டத்துக்கு நடுவே பாய்ந்தது. ஓங்கில்கள் இரண்டாகப் பிரிந்து ஓட, ஒரு பக்கத்தை நாங்கள் துரத்தினோம், மறுபக்கத்தை மற்றப் படகுகள். அவை ஆழத்துக்குப் போய்விட்டால் படகுகள் வட்டம் போட்டுக் காத்திருக்கின்றன, மூச்செடுக்க மேலே வந்தால் மறுபடி துரத்துகின்றன. இந்த இனம் இரவில் ஆழத்தில் இரை தேடிவிட்டுப் பகலில் ஓய்வெடுப்பது. அந்த ஓய்வு நேரத்தில்தான் இந்தக் கூத்து. மெதுவாகப் போகச் சொன்னேன். "கிட்டப் போகாட்டி ஆக்கள் பேசுவாங்க ஐயா" என்றான் பையன். மண்ணெண்ணெய்ப் புகையும் அலையும் சேர்ந்து தங்கை வாந்தி எடுத்தாள். திமிங்கிலம் தென்படவில்லை. அதற்காக நான் யாரையும் குறை சொல்லவில்லை, கடல் என்ன மிருகக்காட்சிச்சாலையா? "கட்டாயம் காட்டுவோம்" என்று சொல்லிக் காசு வாங்கியதுதான் குற்றம்.

இதற்குச் சட்டம் இருக்கிறது. கடல் பாலூட்டிகளைப் பார்க்கப் போகும் படகுகளுக்கு 2012-ல் விதிகள் கொண்டுவந்தார்கள். திமிங்கிலத்திடம் 100 மீட்டருக்கு உள்ளே படகு போகக்கூடாது. அதைப் படகில் சொன்னபோது பையன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். தெரியாது என்று அவனும் சொல்லவில்லை.

அப்புறம் நிலாவெளி. புறாத்தீவு கரையிலிருந்து ஒரு கிலோமீட்டர் தூரம்தான். 1963-ல் சரணாலயமாகவும் 2003-ல் தேசியப் பூங்காவாகவும் அறிவித்த இடம். நுழைவுச்சீட்டை வனஜீவராசிகள் திணைக்களத்தின் கருமபீடத்தில் எடுக்கவேண்டும். அங்கே வந்ததும் பையன் ஒதுங்கி நின்றான். டிக்கெட் காசு தன்னிடம் தரவில்லையாம். தரகருக்கு அழைத்தால் எடுக்கவில்லை. இதில் இன்னொரு பொய்யும் வெளிவந்தது. "தமிழ் ஆக்கள்தானே, எல்லாருக்கும் லோக்கல் விலைக்கே எடுக்கலாம்" என்று அவர் சொல்லியிருந்தார். அப்படி ஒன்றும் கிடையாது. கனடியக் கடவுச்சீட்டுக்கு வெளிநாட்டவர் கட்டணம்தான், அதற்கு மேல் வரியும் சேவைக் கட்டணமும். வெளிநாட்டிலிருந்து உறவினர்களை அழைத்துப் போகிறவர்கள் இதைக் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள், அது பெரிய தொகை. கருமபீடத்தில் இருந்தவர் மரியாதையாகத்தான் விளங்கப்படுத்தினார். அவரிடம் கோபப்பட என்ன இருக்கிறது? காசைக் கட்டிவிட்டுப் போனோம்.

புறாத்தீவின் அழகைப் பற்றி ஒரு பொய்யும் சொல்லத் தேவையில்லை. 1998-ல் கடல் சூடேறி இலங்கையின் பல இடங்களில் முருகைக்கல் (பவளப்பாறை) வெளிறிச் செத்தபோது இங்கே பெரும்பகுதி தப்பியது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முகத்தைத் தண்ணீரில் வைத்தாலே வண்ண மீன்கள் தெரியும். கருமுனைச் சுறாக்கள் இடுப்பளவு தண்ணீருக்கே வந்து போகும், ஆளை ஒன்றும் செய்யாது. மருமகன் ஒன்றைக் கண்டுவிட்டு எழும்பிக் கத்திய கத்தல் தீவு முழுக்கக் கேட்டிருக்கும். அந்த ஒரு நிமிடத்துக்காக எல்லாவற்றையும் மன்னிக்கலாம் என்றுகூட நினைத்தேன்.

நினைப்பு நிலைக்கவில்லை. கண்ணாடிகள் நான்குதான் கொடுத்தார்கள், அதில் இரண்டு ஒழுகின. காலுக்குப் போடும் துடுப்பு வேண்டுமென்றால் தனிக் காசாம். நீந்தத் தெரியாத குருநாகல் அம்மாவை, "அந்தக் கல்லில ஏறி நில்லுங்க" என்று கையைப் பிடித்து முருகைக்கல்லின் மேல் ஏற்றி நிறுத்தினான் எங்கள் பையன். காலடியில் அது நொறுங்குகிற சத்தம் கேட்டது. உருண்டைப் பவளங்கள் வருடத்துக்கு ஒரு சென்டிமீட்டர் அளவில் வளருகிறவை. ஒரு ஆள் ஏறி நின்றால் எத்தனை வருட வளர்ச்சி போகும்! மீனைக் கூட்ட ரொட்டித் துண்டுகளை எறிந்தான். கரைக்கு வந்ததும் மருமகளின் கையில் ஒரு வெள்ளை முருகைக்கல் துண்டைக் கொடுத்து, "கனடாவுக்குக் கொண்டு போங்க பேபி" என்றான். தேசியப் பூங்காவிலிருந்து எதையும் எடுத்துப் போவது குற்றம். பிடிபட்டால் மாட்டுப்படுவது அவன் அல்ல, அதைப் பையில் வைத்திருக்கும் பிள்ளையின் அப்பா. வாங்கி அங்கேயே போட்டுவிட்டேன்.

சாப்பாடு என்று வந்தது ஆளுக்கு ஒரு பன். விடுங்கள்.

முழு நேரம் இருக்கலாம் என்று பேசியிருந்தோம். கொஞ்ச நேரத்திலேயே "கச்சான் எழும்பப் போகுது, வெளிக்கிடுங்க" என்று அவசரப்படுத்தினான். அந்தப் பருவத்தில் கச்சான் காற்று வீசுவது உண்மைதான், படகோட்டி காற்றைச் சொன்னால் கேட்கவேண்டியதும் உண்மை. ஆனால் எங்களை இறக்கிவிட்ட அதே படகு, நாங்கள் கரையில் கால் கழுவி முடிப்பதற்குள் புதிய ஆட்களை ஏற்றிக்கொண்டு அதே தீவுக்குப் போனது. அவர்களுக்கு மட்டும் கச்சான் வீசாது போல.

இறக்குவதற்கு முன்னால் இன்னொரு கூத்து. மிச்சம் 20,000-ஐக் கொடுத்த பிறகு, "ஓங்கிலுக்கு நிறைய ஓடினது, எண்ணெய்க் காசு 12,000 தரவேணும்" என்றான். கரைக்குச் சற்று முன்னால் இயந்திரத்தை நிறுத்திவிட்டுத்தான் கேட்டான். படகில் பிள்ளைகள், தங்கை சுருண்டு கிடக்கிறாள். 5,000-க்குப் பேசி முடித்தோம். கரையில் வைத்து அவனிடம் கேட்டேன், ஏன் தம்பி இப்படி என்று. "ஐயா, நீங்க அவருக்கு என்ன குடுத்தீங்களோ தெரியாது. எனக்குக் கிடைக்கிறது எண்ணெய்க்கும் ஒரு நாள் கூலிக்கும்தான்" என்றான். நாங்கள் கொடுத்த 20,000-ஐயும் தரகரின் ஆள் ஒருவன் கரையில் நின்று பையனிடமிருந்து வாங்கிக்கொண்டு போய்விட்டான். பையன் மேல் எனக்குக் கோபம் இல்லாமல் இல்லை. அவன்தானே முருகைக்கல்லை மிதிக்க வைத்தான். ஆனாலும் ஒரே ஓட்டத்தில் பத்துப் பேரை அடைத்து, நேரத்தைக் குறைத்து, எண்ணெய்க் காசு என்று பிடுங்கினால்தான் அவனுக்கு நாள் முடியும் என்ற நிலைக்குத் தள்ளியவர் கடலில் கால்கூட நனைக்கவில்லை.

படகு தனியாக வேண்டுமென்றால் நிலாவெளியில் டிக்கெட் கருமபீடத்துக்கே நேரே போங்கள். படகுக்காரர்களை அங்கேயே பார்த்து, படகைக் கண்ணால் கண்டு பேசலாம். ஓங்கில் பயணத்தையும் தீவையும் ஒன்றாக்காமல் தனித்தனியாகப் பேசுங்கள். ஒன்றாகச் சேர்த்தால் எதில் வெட்டினார்கள் என்று கண்டுபிடிக்க முடியாது. எத்தனை பேர், எவ்வளவு நேரம், டிக்கெட் யார் செலவு, எண்ணெய் யார் செலவு என்று எழுத்தில் வாங்குங்கள். எழுத மறுத்து அழைத்துக்கொண்டே இருக்கிற ஆளிடம் ஒரு சதமும் கொடுக்காதீர்கள். மிச்சக் காசு தீவிலிருந்து கரைக்கு வந்த பிறகுதான். பிள்ளைகள் இருந்தால் அவர்களின் அளவில் ஜாக்கெட்டை முதல் நாளே காட்டச் சொல்லுங்கள். வடகிழக்குப் பருவக்காற்றுக் காலத்தில் யாராவது அழைத்தால் எந்த விலைக்கும் போகவேண்டாம், அப்போது அந்தக் கடல் வேறு கடல்.

அந்தத் தரகர் என் இலக்கத்தைத் தடுத்துவிட்டார். மனைவியின் போனில் அழைத்ததும் எடுத்து, "போட்காரன் செய்ததுக்கு நான் என்ன செய்ய" என்றார். சுற்றுலாப் பொலிஸில் முறைப்பாடு எழுதிக்கொடுத்திருக்கிறோம், சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையின் 1912 இலக்கத்துக்கும் சொல்லியிருக்கிறோம். உப்புவெளியில் இதே மாதிரி முற்பணம் கொடுத்து ஏமாந்தவர்கள் இருந்தால் நீங்களும் முறைப்பாடு கொடுங்கள். கட்டைவிரல் படம் வந்த உரையாடல், பணம் அனுப்பிய பதிவு எதையும் அழிக்காதீர்கள், முறைப்பாடு எடுக்கும்போது அதைத்தான் முதலில் கேட்கிறார்கள்.