சார்ஜிங் போர்ட் மாற்றக் கொடுத்தேன், சேவ் டேட்டாவை அழித்துக் கொடுத்தார்கள்

கேம் கன்சோலை சர்வீஸுக்குக் கொடுக்கப் போகிறவர்கள் இதைப் படித்துவிட்டுக் கொடுங்கள். முக்கியமாக நிண்டெண்டோ ஸ்விட்ச் வைத்திருப்பவர்கள்.

நடந்தது போன மாதம், கோவையில். கடையின் பெயரை எழுதவில்லை. இதே மாதிரி வேலை செய்கிற கடைகள் எல்லா ஊரிலும் இருக்கின்றன, ஒரு கடையை மட்டும் தவிர்த்துவிட்டால் போதும் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது.

எங்கள் வீட்டு ஸ்விட்ச் 2019இல் வாங்கியது. நிண்டெண்டோ இந்தியாவில் நேரடியாக விற்பதில்லை. வெளிநாட்டிலிருந்து யாரோ இறக்கி விற்பதைத்தான் நாம் வாங்குகிறோம். அதனால் பழுது என்றால் தெரிந்தவர்கள் சொல்லும் கடையில் கொடுப்பதுதான் வழி. சார்ஜர் செருகும் இடம் ஆட்டம் கண்டு, ஒயரை ஒரு பக்கமாக அழுத்திப் பிடித்தால்தான் சார்ஜ் ஏறும் என்ற நிலை. கடைக்கு எடுத்துப் போனேன்.

சேவ் என்றால் கேமில் நாம் எதுவரை விளையாடியிருக்கிறோம் என்ற பதிவு. கவுண்டரில் இருந்த தம்பியிடம் நான் முதலில் கேட்டதே அதைப் பற்றித்தான். "உள்ளே இருக்கிற கேம் சேவ் எல்லாம் போயிடாதே தம்பி?"

"அதெல்லாம் ஒண்ணும் ஆகாதுங்ணா. எல்லாம் மெமரி கார்டுலதான் இருக்குது. கார்டை நீங்களே கழட்டி வச்சுக்கோங்க, கேசட்டையும் எடுத்துக்கோங்க. வெறும் மெஷினை மட்டும் குடுங்க, போதும்."

எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. போனில் போட்டோ கார்டில் இருப்பதுபோல, கேமும் கார்டில் இருக்கும் என்று நினைத்தேன். கார்டைக் கழற்றி பர்ஸில் வைத்துக்கொண்டு நிம்மதியாக வீட்டுக்கு வந்தேன்.

நான்கு நாளில் போன் வந்தது. பில்லில் இரண்டு வரி. சார்ஜிங் போர்ட், 2,200 ரூபாய். சாப்ட்வேர் சர்வீஸ், 600 ரூபாய். இரண்டாவது எதற்கு என்று கேட்டேன். "ரொம்ப ஸ்லோவா இருந்துச்சுங்ணா, கிளீன் பண்ணிக் குடுத்திருக்கோம்." நான் கேட்காத வேலை. இருந்தாலும் கட்டிவிட்டேன். அங்கேயே ஆன் செய்து பார்த்திருக்க வேண்டும், பார்க்கவில்லை.

வீட்டில் மகள்தான் ஆன் செய்தாள். மொழி எது, நாடு எது என்று கேட்டது, டப்பாவிலிருந்து அப்போதுதான் எடுத்ததுபோல. கார்டைப் போட்டாள். அதிலிருந்த கேம் எதுவும் திறக்கவில்லை. அப்புறம் அனிமல் கிராசிங் கேசட்டைச் செருகினாள். அந்த கேமைப் புதிதாக ஆரம்பிப்பவர்களை விமான நிலையக் கவுண்டரில் இரண்டு குட்டி விலங்குகள் வரவேற்று, உங்கள் பெயர் என்ன என்று கேட்கும். ஐந்து வருடமாக அந்தத் தீவில் குடியிருந்த பிள்ளையிடம் அவை பெயர் கேட்டன. கன்சோலை என் கையில் கொடுத்துவிட்டு அறைக்குள் போய்விட்டாள்.

அந்தத் தீவைப் பற்றிச் சொன்னால்தான் இதை ஏன் இவ்வளவு தூரம் எழுதுகிறேன் என்று புரியும். என் மாமியார், அதாவது அவளுடைய அம்மிச்சி, 2020 மார்ச்சில் பத்து நாள் இருந்துவிட்டுப் போகலாம் என்று கோபியிலிருந்து வந்தார். ஊரடங்கு போட்டுவிட்டார்கள். அந்த வருடம் பாதிக்குமேல் எங்களோடுதான் இருந்தார். கடைகள் திறந்ததும் இந்தக் கேசட்டை வாங்கினேன். ஒரு தீவில் எட்டுப் பேர் வரை வீடு கட்டிக்கொள்ளலாம் என்பதால் அம்மிச்சிக்கும் ஒரு வீடு ஆனது. சிவப்பு ரோஜாக்களைப் பக்கத்தில் பக்கத்தில் நட்டுத் தண்ணீர் ஊற்றிவந்தால் சில நாளில் கறுப்பு ரோஜா பூக்கும். முதல் கறுப்பு ரோஜா பூத்த அன்று, விடிந்தும் விடியாமலும் எங்கள் எல்லோரையும் எழுப்பிக் காட்டினார். சொந்தமாக டிசைன் வரைந்து தரையில் விரிக்கிற வசதியும் அதில் உண்டு. குறுக்கே 32 கட்டம், நெடுக்கே 32 கட்டம். அந்தக் கட்டத்துக்குள் ஏழு புள்ளி ஏழு வரிசையில் ஒரு சிக்குக் கோலத்தை அம்மிச்சி சொல்லச் சொல்ல பேத்தி வரைந்தாள். அதை அம்மிச்சி வீட்டு வாசலில் போட்டார்கள்.

அத்தை 2022இல் தவறிவிட்டார். தீவில் அவருடைய வீட்டை மகள் எடுக்கவில்லை. வாரத்துக்கு ஒருமுறை போய் வாசலில் களை பிடுங்கி, ரோஜாவுக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு வருவாள். அதெல்லாம் சேர்ந்துதான் அந்த 600 ரூபாய் 'சாப்ட்வேர் சர்வீஸ்'.

மறுநாள் கடைக்குப் போனேன். தம்பி முகம் கொடுத்துப் பேசவில்லை. முதலாளி பில்லைத் திருப்பிக் காட்டினார். பின்பக்கம் பொடி எழுத்தில், டேட்டாவுக்குக் கடை பொறுப்பல்ல என்று அச்சடித்திருந்தது. "கேம்தானுங்க, திரும்ப விளையாடிக்கலாமுங்க" என்றார். வேலை செய்கிற இடத்தில் இருப்பவருக்குத் தான் எதை அழிக்கிறோம் என்று தெரியவில்லை. அல்லது தெரிந்தும் கேட்கத் தோன்றவில்லை. இரண்டில் எதுவாக இருந்தாலும் மன்னிக்க எனக்கு மனம் வரவில்லை.

அதற்கப்புறம்தான் உட்கார்ந்து ஒவ்வொன்றாகத் தெரிந்துகொண்டேன். அதைத்தான் உங்களுக்குச் சொல்ல வேண்டும்.

ஸ்விட்சில் மெமரி கார்டில் இருப்பது கேம் மட்டும்தான். நாம் விளையாடி வந்த பதிவு, அதாவது சேவ் டேட்டா, எப்போதும் கன்சோலின் உள்மெமரியில்தான் இருக்கும். கார்டுக்கு அதை மாற்றவே முடியாது. கேசட்டிலும் அது எழுதப்படுவதில்லை. ஆக, கார்டையும் கேசட்டையும் கையில் வைத்துக்கொண்டு 'வெறும் மெஷினை' கொடுத்தேனே, காப்பாற்ற வேண்டியது முழுவதும் அந்த மெஷினுக்குள்தான் இருந்தது.

கேமை மட்டும் எடுத்துவிட்டால் சேவ் போகாது. கேமின் ஆப்ஷன்களில் 'ஆர்கைவ் சாப்ட்வேர்', 'டெலீட் சாப்ட்வேர்' என்று இரண்டு இருக்கும். எதைக் கொடுத்தாலும் கேம்தான் போகும், சேவ் அப்படியே இருக்கும். இடம் போதவில்லை, ஸ்லோவாக இருக்கிறது என்பவர்கள் செய்ய வேண்டியது இவ்வளவுதான். சேவ் டேட்டாவையே அழிக்க வேண்டுமென்றால் அதற்குத் தனி வழி: சிஸ்டம் செட்டிங்ஸ், டேட்டா மேனேஜ்மென்ட், அதில் டெலீட் சேவ் டேட்டா. எந்த கேம், யாருடைய சேவ் என்று கேட்டுத்தான் அழிக்கும். அழித்தால் திரும்ப வராது. இன்னொன்று, பலருக்குத் தெரியாதது. கன்சோலிலிருந்து ஒரு யூசரையே நீக்கினால் அவருடைய சேவ் எல்லாம் கூடவே போய்விடும். வீட்டில் பெரியவன் ஹாஸ்டலுக்குப் போய்விட்டானே, அவன் பெயர் எதற்கு என்று எடுத்துவிடாதீர்கள்.

என்னை அதிகம் வதைப்பது இதுதான். சார்ஜிங் போர்ட் மாற்ற ஃபார்மேட்டே தேவையில்லை. அப்படியே ஏதோ காரணத்துக்காக ஃபார்மேட் செய்தே ஆக வேண்டும் என்றாலும் சேவ் டேட்டாவை விட்டுவைத்துச் செய்ய ஸ்விட்சிலேயே வழி இருக்கிறது. கன்சோலை முழுக்க ஆஃப் செய்துவிட்டு, வால்யூம் பட்டன் இரண்டையும் அழுத்திப் பிடித்தபடி பவரை அழுத்தினால் ஒரு மெனு வரும். அதில் 'இனிஷியலைஸ் கன்சோல் வித்அவுட் டெலீட்டிங் சேவ் டேட்டா' என்று எழுதியே இருக்கிறது. கேம்களை மட்டும் அழித்து, சேவ் டேட்டாவை விட்டுவிடும். அதே மெனுவில் இருக்கும் 'இனிஷியலைஸ் கன்சோல்' எல்லாவற்றையும் துடைத்துவிடும். கடையில் தொட்டது இதை.

கிளவுடில், அதாவது இணையத்தில், ஒரு காப்பி இருக்குமே என்று கேட்பீர்கள். ஸ்விட்சில் கிளவுட் பேக்கப்புக்குச் சந்தா கட்ட வேண்டும். அனிமல் கிராசிங்கோ அந்தப் பொதுவான கிளவுடிலும் சேராது. 2020 ஜூலையில் அந்த கேமுக்கென்றே ஐலண்ட் பேக்கப் என்று தனியாக ஒன்று கொண்டுவந்தார்கள். அதற்கும் சந்தா வேண்டும், டைட்டில் திரையில் மைனஸ் பட்டனை அழுத்தி நாமே போய் ஆன் செய்து வைத்திருக்க வேண்டும். நாங்கள் செய்யவில்லை. உங்களில் யாருக்காவது இந்தத் தீவு இருந்தால் இன்று ராத்திரியே செய்துவிடுங்கள்.

மற்ற கருவிகளில் 'டெலீட்' என்பதன் பொருள் வேறு வேறு. பிளேஸ்டேஷன் 4இல் கேமை அழித்தாலும் சேவ் தங்கும். செட்டிங்ஸில் 'அப்ளிகேஷன் சேவ்டு டேட்டா மேனேஜ்மென்ட்' என்ற இடத்தில் கன்சோலில் இருப்பது, ஆன்லைனில் இருப்பது, யுஎஸ்பியில் இருப்பது என்று மூன்றும் தனித்தனியாக இருக்கும். ஒன்றை அழித்தால் மற்றது போகாது. சர்வீஸுக்குக் கொடுக்கும் முன் ஒரு பென் டிரைவில் காப்பி எடுத்துவிடலாம், காசு செலவில்லை. பிளேஸ்டேஷன் 5இல் அந்த வசதி பழைய பிஎஸ்4 கேம்களின் சேவுக்கு மட்டும்தான். பிஎஸ்5 கேம்களின் சேவ் பென் டிரைவுக்கு வராது, பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா இருந்தால் கிளவுடுக்குப் போகும். சந்தா இல்லாமல் பிஎஸ்5 வைத்திருப்பவர்கள் கடைப்பக்கம் போகும் முன் இதை இருமுறை யோசியுங்கள்.

எக்ஸ்பாக்ஸ்காரர்களுக்குக் கொஞ்சம் ஆறுதல். இணையத்தில் இணைந்திருந்தால் சேவ் தானாகவே கிளவுடுக்குப் போய்விடும், சந்தாவும் தேவையில்லை. ஆனால் சேவ் டேட்டாவை அழிக்கப் போகும்போது இரண்டு கேள்வி வரும்: இந்தக் கன்சோலில் மட்டுமா, எல்லா இடத்திலுமா? 'டெலீட் எவ்ரிவேர்' என்பதை அவசரத்தில் தொட்டுவிட்டால் கிளவுடிலிருந்தும் போய்விடும்.

கம்ப்யூட்டரில் ஸ்டீமில் விளையாடுபவர்களுக்குச் சிக்கல் தலைகீழ். புதிதாக ஆரம்பிக்கலாம் என்று சேவ் டேட்டாவை அழிப்பார்கள், கேமைத் திறந்தால் பழையது கிளவுடிலிருந்து இறங்கி வந்து நிற்கும். அந்த கேமின் பிராப்பர்ட்டீஸில் போய் கிளவுடை நிறுத்திவிட்டுத்தான் அழிக்க வேண்டும். கம்ப்யூட்டரில் ஒன்றும் கிளவுடில் ஒன்றுமாக இருந்தால் எது வேண்டும் என்று ஒரு கட்டம் கேட்கும். தேதியைப் படிக்காமல் எதையும் அழுத்தாதீர்கள்.

ஆண்ட்ராய்டு போனில் 'கிளியர் கேஷ்' கொடுத்தால் சேவுக்கு ஒன்றும் ஆகாது. அதற்குப் பக்கத்திலேயே இருக்கும் 'கிளியர் ஸ்டோரேஜ்' போனில் இருக்கும் சேவ் டேட்டாவை மொத்தமாக எடுத்துவிடும். கெஸ்ட் என்று நுழைந்து விளையாடும் பிள்ளைகள் நிறையப் பேர் அதில்தான் இழக்கிறார்கள். ஐபோனில் 'ஆஃப்லோட் ஆப்' கொடுத்தால் ஆப் மட்டும் போகும், டேட்டா இருக்கும். 'டெலீட் ஆப்' இரண்டையும் போனிலிருந்து எடுத்துவிடும். ஐகிளவுட் ஸ்டோரேஜுக்குள் போய் ஒரு கேமின் டேட்டாவை அழித்தால், அதே ஐடியில் இருக்கும் ஐபேடுக்கும் சேர்த்துத்தான் அந்த அழிப்பு.

விற்கப் போகிறவர்களுக்கு மட்டும் இதற்கு நேர்மாறாகச் சொல்வேன். எங்கள் அடுக்ககத்தில் ஒருவர் பிஎஸ்4ஐ விற்றபோது கேம்களை மட்டும் அழித்துவிட்டுக் கொடுத்துவிட்டார். அவருடைய கணக்கும் சேவும் அதிலேயே இருந்தன. வாங்கியவர் நல்லவர், போன் செய்து சொன்னார். விற்கும்போது காப்பி எடுத்துக்கொண்டு, உங்கள் கையாலேயே முழுதாக இனிஷியலைஸ் செய்யுங்கள். கடைக்காரர் பார்த்துக்கொள்வார் என்று விடாதீர்கள். பிஎஸ்4இல் ஃபுல் என்று கொடுத்தால் மணிக்கணக்கில் ஓடும், ஓடட்டும்.

சர்வீஸுக்குக் கொடுக்கும்போது, ஃபார்மேட் செய்யக் கூடாது, என்னைக் கேட்காமல் சாப்ட்வேரைத் தொடக் கூடாது என்று பில்லின் முன்பக்கத்திலேயே பேனாவால் எழுதி வாங்குங்கள். எழுதித் தரத் தயங்கினால் அந்தக் கடை வேண்டாம். வாங்கும்போது கவுண்டரிலேயே ஆன் செய்து, ஒரு கேமைத் திறந்து, சேவ் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பணம் கொடுங்கள்.

நான் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915க்கு அழைத்துப் புகார் பதிவு செய்தேன். கேட்காத வேலையைச் செய்து பணம் வாங்கியது, நேரில் கேட்டபோது தவறான தகவல் சொன்னது, இரண்டையும் பதிந்தேன். அடுத்த வாரம் கடையிலிருந்து கூப்பிட்டு 600 ரூபாயைத் திருப்பிக் கொடுத்தார்கள். போர்ட் வேலை நன்றாகத்தான் இருக்கிறது, அதையும் சொல்லிவிட வேண்டும்.

கார்டை வீசிவிடாமல் வைத்திருந்தது ஒரு வகையில் நல்லதாகப் போயிற்று. கன்சோலுக்குள் அந்தக் கார்டு உதவவில்லை, ஆனால் ஸ்விட்சில் எடுக்கும் ஸ்கிரீன்ஷாட்கள் கார்டில் சாதாரணப் படங்களாகவே சேரும். கம்ப்யூட்டரில் போட்டு 'நிண்டெண்டோ' ஃபோல்டருக்குள் 'ஆல்பம்' என்பதைத் திறந்தால் வருடம், மாதம், நாள் வாரியாக இருந்தன. கறுப்பு ரோஜாவோடு, கேமில் அம்மிச்சியின் ஆள் நிற்கும் படம் இருந்தது. கோலத்தைத் தரையில் விரித்த படங்களும் இருந்தன, ஆனால் தரையில் போட்டதும் கேம் கோடுகளை இழைத்துவிடுவதால் அவற்றைப் பார்த்துக் கட்டம் எண்ண முடியாது. 2020 ஆகஸ்டில் வரையும்போதே எடுத்த படம் ஒன்று கிடைத்தது. 32 கட்டமும் தெளிவாகத் தெரிகிறது, இரண்டு இடத்தில் மட்டும் விரல் வடிவக் கர்சர் மறைக்கிறது.

மகள் அதைப் பார்த்து கிராஃப் நோட்டில் வரிசை வரிசையாக எண்ணி எழுதிக்கொண்டிருக்கிறாள். மறைந்த இரண்டு கட்டத்துக்கும் கோடு எப்படித் திரும்பும் என்று கேட்க, நேற்று கோபியில் இருக்கும் பெரியம்மாவுக்குப் போன் போட்டாள்.