தவளையா, நாய்க்குட்டியா? வானிலை விட்ஜெட்டில் யாரை வைப்பது

தவளை கத்தினால் மழை என்பது பழைய கணக்கு. போனில் இருக்கும் தவளை கத்தாது, குடையைப் பிடித்துக்கொண்டு நிற்கும். கூகுள் வானிலைப் பக்கத்தில் வரும் அந்தப் பச்சைத் தவளையையும், நிஜ நாய்க்குட்டி, பூனைப் படங்களோடு வரும் வெதர் பப்பி, வெதர் கிட்டி செயலிகளையும் கொஞ்ச நாள் மாற்றி மாற்றிப் பார்த்தேன்.

தவளை வரைந்த பொம்மை என்பதுதான் அதன் பலம். வானிலைக்கு ஏற்றபடி காட்சி மாறும். எண்ணைப் படிக்கும் முன்பே சேதி புரிந்துவிடும். 2024-ல் கூகுளின் பிக்சல் 9 போனுடன் வந்த புதிய வானிலை செயலியில் முதலில் தவளை இல்லை. ஆட்கள் கேட்டுக்கொண்டே இருந்தார்கள், அப்புறம் திரும்பி வந்தது. ஒரே குறை, அதைப் பார்க்கப் பெரும்பாலும் செயலியைத் திறந்து உள்ளே போக வேண்டும்.

பப்பியும் கிட்டியும் விட்ஜெட்டாக, அதாவது செயலியைத் திறக்காமலே தகவல் காட்டும் சின்னப் பெட்டியாக, முகப்புத் திரையிலேயே உட்கார்ந்துவிடும். வானிலைக்கேற்ப இவற்றிலும் படம் மாறும்தான். ஆனால் விட்ஜெட் அளவுக்குச் சுருங்கிய பூனையின் முகத்தில் மழை எது, வெயில் எது என்று எனக்குப் பிடிபடவே இல்லை. பூனைக்கு எல்லா நாளும் ஒரே அலட்சியம். நம் வீட்டுச் செல்லத்தின் படத்தையே போட்டுக்கொள்ளலாம் என்பது இவற்றில் பெரிய ஈர்ப்பு.

துல்லியத்துக்கும் விலங்குக்கும் சம்பந்தமில்லை. அமெரிக்காவின் ஜிஎஃப்எஸ், ஐரோப்பாவின் இசிஎம்டபிள்யூஎஃப் போன்ற, வானிலையைக் கணிக்கும் கணினி மாதிரிகளை நம்பித்தான் பெரும்பாலான செயலிகள் ஓடுகின்றன. நாய்க்குட்டி மூக்கை நீட்டி மோப்பம் பிடித்துச் சொல்வதில்லை!

எனக்கு உறுத்திய விஷயம் வேறு. மழைக்கு 40 சதவீத வாய்ப்பு என்றால் தவளை குடை பிடிக்குமா, பிடிக்காதா? எண் அந்தச் சந்தேகத்தை அப்படியே நம்மிடம் தந்துவிடும். படம் ஏதாவது ஒரு பக்கம் சாய்ந்தே ஆக வேண்டும். துணி காயப்போடுகிறவருக்கு அந்த 40 தான் முக்கியம். அலங்காரமே இல்லாத எண் விட்ஜெட் ஜெயிப்பது இங்கேதான்.

எதை வைத்தாலும் பழைய சேதியைக் காட்டும் வாய்ப்பு உண்டு. ஆண்ட்ராய்டில் விட்ஜெட்டின் வழக்கமான தானியங்கிப் புதுப்பிப்பு 30 நிமிடத்துக்கு ஒருமுறைக்கு மேல் நடக்காது. ஐபோனில் அடிக்கடி பார்க்கும் விட்ஜெட்டுக்கே நாளுக்குச் சுமார் 40 முதல் 70 முறைதான். வெளியே மழை கொட்டும்போது திரையில் நாய்க்குட்டி வெயில் காய்ந்தால் அதைக் கோபிக்காதீர்கள்.

சரி, கடைசியில் என்ன வைத்தேன்? முகப்பில் மழை சதவீதம் மட்டும் காட்டும் சின்ன எண் விட்ஜெட், உள்ளே தவளை. கிட்டி மகளின் போனுக்குப் போய்விட்டது. அதில் இப்போது எங்கள் வீட்டுப் பூனைதான் எல்லா வானிலைக்கும்.