லஸ் மாடி ஹால் ஊமைப்பட ஷோ: இல்லாத படத்துக்கு 200 ரூவா, குடுக்கலாம்

லஸ் பக்கம் ஒரு மாடி ஹால்ல பழைய ஊமைப்படம் போட்டு பக்கத்துல ஒருத்தர் நின்னு கதை சொல்றாங்க, இந்த தடவை ஜப்பான். மெயின் ஐட்டம் 1899-ல வந்த 'பிஸ்டல் கொள்ளையன் ஷிமிசு சதாகிச்சி', அந்த ஊர்ல நிஜ க்ரைம் கேஸ வச்சு எடுத்த முதல் படங்கள்ல ஒண்ணு. ஆள் நிஜம், கைத்துப்பாக்கிய காட்டி கொள்ளையடிச்சவன், 1886-ல மாட்டி அடுத்த வருஷமே தூக்கு. போலீஸா நடிச்ச யோகோயாமா உன்பெய்யத்தான் ஜப்பானோட முதல் சினிமா நடிகர்னு சொல்றாங்க.

இதுல விஷயம் என்னன்னா அந்த படம் இப்ப கிடைக்காது! அப்புறம் எதுக்குய்யா டிக்கெட்னு எனக்கும் கடுப்புதான், ஆனா அந்த கதை சொல்ற அண்ணன் வெறும் வெள்ளைத்திரை முன்னாடி நின்னு, அந்த காலத்துல ஜப்பான் தியேட்டர்ல ஊமைப்படத்துக்கு கதை சொல்ல பென்ஷின்னு இருந்தவங்க மாதிரி, திருடனுக்கு ஒரு குரல் போலீஸுக்கு ஒரு குரல்னு மாத்தி மாத்தி பேசி, துப்பாக்கி வெடிக்கிற இடத்துல ஸ்கேல எடுத்து மேஜைல பொளேர்னு அடிச்சாரு பாருங்க, முன்வரிசைல ஒரு மாமி "ஐயோ"ன்னே கத்திட்டாங்க. இந்த படத்த எடுக்க வச்ச கோமதா கோயோவே ஊர் ஊரா போய் கதை சொன்ன பென்ஷிதானாம், அதனால இப்படி செஞ்சது பொருத்தம்தான்.

அப்புறம் அந்த கொள்ளையன் படத்தோட கேமராமேன் ஷிபாதா சுனேகிச்சி அதே வருஷம் எடுத்த 'மோமிஜிகாரி' ஓட்டினாங்க. இது தப்பிச்ச படம், சில நிமிஷம்தான். கபுகிங்கிற ஜப்பான் மேடை நாடகத்தோட ஜாம்பவான் டான்ஜூரோ ஆடும்போது காத்துல விசிறி கையவிட்டு பறக்குது, திரும்ப எடுக்காம அப்படியே விட்டுட்டாங்க. எனக்கு இதான் ஹைலைட்டு. நம்ம மெட்ராஸ்ல நடராஜ முதலியார் கீசக வதம்னு புராணத்துல ஆரம்பிச்சாரு, அங்க கபுகியும் பேப்பர்ல வந்த திருடனும் ஒரே வருஷத்துல ஒரே கேமராவுக்கு முன்னாடி நின்னுருக்காங்க, யோசிச்சா செமயா இருக்கு.

குறை நிறைய. அரைமணி லேட்டு, ஸ்பீக்கர் கொர்ருனு ஒரே இரைச்சல், பிளாஸ்டிக் சேர்ல முதுகு போச்சு, ஏசி பேருக்குத்தான். இடைவேளை சுண்டல்ல உப்பே இல்ல. பைக் வைக்க எடமில்ல, பஸ்ல போயிடுங்க. சின்ன பசங்கள கூட்டிட்டு போகலாம், மேஜை அடி அவங்களுக்குத்தான் ரொம்ப பிடிச்சுது. பின் வரிசைல உக்காந்தா பாதி கேக்காது, சீக்கிரம் போய் முன்னாடி எடம் புடிங்க.