வக்கீலம்மா இருந்தபோதும், போன பிறகும்: ஒரு லீகல் ஒப்பீனியன் அலுவலகம்

திருச்சி கன்டோன்மென்ட்டில், நீதிமன்றத்திலிருந்து நடந்து போகிற தூரத்தில், ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மேல் மாடியில் இருக்கிறது அந்த அலுவலகம். மனை வாங்குகிறவர்களுக்குப் பத்திரம் பார்த்து, வாங்கலாமா கூடாதா என்று லீகல் ஒப்பீனியன் கொடுப்பதுதான் அங்கே முக்கிய வேலை. 2014 முதல் 2025 வரை மூன்று மனைகளுக்காக அந்த மாடிப்படி ஏறியிருக்கிறேன். முதல் இரண்டும் அலுவலகத்தை நடத்திய வக்கீலம்மாவே பார்த்தவை. மூன்றாவதை, அவர் மாவட்ட நீதிபதியாகிப் போன பிறகு அவருடைய ஜூனியர்கள் இருவர் பார்த்தார்கள். பெயர்களை எழுதவில்லை. வக்கீல்கள் விளம்பரம் செய்யக் கூடாது என்பது பார் கவுன்சில் விதி. நீதிபதியாக இருப்பவரின் பெயரை இப்படி ஒரு விமர்சனத்துக்குள் இழுப்பதும் சரியல்ல.

நான் அரசு மருத்துவமனையில் செவிலியர். எங்கள் சேமிப்பு எல்லாம் நைட் டியூட்டி பார்த்துச் சேர்த்தது. அதனால் மனை என்றதுமே எனக்குப் பயம்தான் முதலில் வந்தது.

2014-ல் 1,200 சதுர அடி மனை ஒன்றுக்கு 25,000 ரூபாய் டோக்கன் கொடுக்கத் தயாராக இருந்தோம். "பஞ்சாயத்து அப்ரூவல் இருக்கு, பயப்படாதீங்க" என்றார் புரோக்கர். வார்டில் கூட வேலை பார்த்த தோழி அதே லேஅவுட்டில் ஏற்கெனவே வாங்கிவிட்டார். வக்கீலம்மா பத்திரத்தைத் தொடவே இல்லை. முதலில் லேஅவுட் வரைபடத்தை விரித்து, மூலையில் இருந்த சீலைப் பார்த்தார். "சிஸ்டர், தலைவர் சீல் போட்டால் அது அப்ரூவல் ஆகாது. மனைப்பிரிவுக்கு நகர் ஊரமைப்புத் துறை ஒப்புதல் வேணும். அது எங்கே?" என்று கேட்டார். எங்களிடம் பதில் இல்லை. வாங்க வேண்டாம் என்று சொல்லிவிட்டு 500 ரூபாய் மட்டும் வாங்கிக்கொண்டார். வேண்டாம் என்று சொல்ல ஒரு வக்கீலா என்று எங்கள் வீட்டுக்காரர் வழியெல்லாம் கோபப்பட்டார்.

2016 செப்டம்பர் 9 அன்று, அங்கீகாரம் இல்லாத மனைகளைப் பதிவு செய்யக் கூடாது என்று சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டது. அடுத்த ஆண்டு மே மாதம் அரசு வரன்முறைத் திட்டம் கொண்டு வந்தது. 2016 அக்டோபர் 20 வரை விற்ற மனைகளுக்குக் கட்டணம் கட்டி ஒழுங்குபடுத்திக்கொள்ளலாம் என்றார்கள். என் தோழி வரன்முறைக் கட்டணம், வளர்ச்சிக் கட்டணம் என்று கட்டிக்கொண்டு, லீவு போட்டு லீவு போட்டு அலைந்தார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டுக்காரர் அந்த 500 ரூபாயைப் பற்றிப் பேசியதில்லை.

இரண்டாவது மனை 2015-ல் வந்தது. ஊருக்குள்ளேயே இருந்த பழைய மனை, கிழமேல் 40 அடி, தென்வடல் 60 அடி, மொத்தம் 2,400 சதுர அடி. பட்டா உரிமையாளர் பெயரில் இருந்தது, அந்த மனைமேல் பதிவானதை எல்லாம் காட்டும் 30 வருட வில்லங்கச் சான்றில் ஒன்றும் இல்லை. எனக்கு எல்லாம் சுத்தமாகத் தெரிந்தது. கட்டணம் 3,500 ரூபாய், பத்து நாள் என்றார். பதினோராம் நாள் கூப்பிட்டு, ஒரு நீளத் தாளை முன்னால் வைத்தார். அட்டவணை மாதிரி மூன்று பத்தி. முதல் பத்தியில் பத்திர எண்ணும் வருடமும். இரண்டாவதில் யார் யாருக்கு எழுதிக் கொடுத்தார்கள் என்பது. மூன்றாவதில் அந்தப் பத்திரத்தில் சொல்லியிருக்கும் நான்கு எல்லை, அதாவது செக்குபந்தி. மூன்றாவது பத்தியில் இரண்டு இடத்தில் சிவப்பு மையில் வட்டம் போட்டிருந்தார்.

1974-ல் எழுதிய பாகப்பிரிவினைப் பத்திரத்தில் மனைக்குக் கிழக்கே வண்டிப்பாதை. 2003-ல் நடந்த கிரயப் பத்திரத்தில் கிழக்கே இன்னொருவர் மனை. "நடுவில் இருந்த வண்டிப்பாதை எங்கே போச்சு சிஸ்டர்?" என்று கேட்டார். அந்த ஞாயிற்றுக்கிழமையே ஸ்கூட்டியில் வந்துவிட்டார். சர்வே அளவுகள் உள்ள புலப்படத்தை வைத்து அளந்து பார்த்தால், விற்கிறவரின் காம்பவுண்டு சுவர் பாதைக்குள் நான்கு அடி போயிருந்தது. 60 அடி நீளத்துக்கு நான்கு அடி என்றால் 240 சதுர அடி. சதுர அடி 450 ரூபாய் பேசியிருந்தோம். ஊர்ப் பொதுப் பாதைக்கு நாங்கள் கொடுக்க இருந்த பணம் 1,08,000 ரூபாய். அதைக் கழித்து 2,160 சதுர அடிக்கு மட்டும் எழுதச் சொன்னார். 2020-ல் அந்தப் பாதையில் சிமெண்ட் சாலை போட அளந்து கல் நட்டார்கள். வரிசையில் மற்ற சுவர்கள் இடிந்தன, பாதையை விட்டு நிற்கிற எங்கள் சுவர் அப்படியே இருக்கிறது.

இன்னொரு விஷயம் அதைவிடப் பெரியது. 2003-ல் மனையை விற்றவர்கள் அண்ணன் தம்பி இரண்டு பேர். அது அவர்கள் அப்பாவுக்குப் பாகத்தில் வந்த பூர்வீகச் சொத்து. அப்பா 1996-ல் உயில் எழுதாமல் இறந்தவர். வக்கீலம்மா வாரிசுச் சான்று கேட்டு வாங்கினார். அதில் நான்கு பேர் இருந்தார்கள், இரண்டு பெண்கள். ஒருவருக்குக் கல்யாணம் 1985-ல், இன்னொருவருக்கு 1993-ல். தமிழ்நாட்டில் 1989 மார்ச் 25 முதல், அன்று கல்யாணம் ஆகாமல் இருந்த மகள்களுக்குப் பூர்வீகச் சொத்தில் மகனுக்குச் சமமான உரிமை வந்துவிட்டது. இந்தியா முழுவதற்கும் அது 2005-ல்தான் வந்தது. அதனால் தங்கைக்குத் தன் பங்கே உண்டு. அக்காவுக்கு அந்த வழியில் இல்லாவிட்டாலும், அப்பாவின் பங்கில் வாரிசாகப் பங்கு உண்டு. "பங்கின் அளவு வேற வேற. ஆனால் ரெண்டு பேர் கையெழுத்தும் வேணும்" என்றார். வில்லங்கச் சான்றில் இது எதுவுமே தெரியாது, ஏனென்றால் அந்தப் பெண்கள் எதையும் பதிவு செய்யவில்லை. அவர்களை யாரும் கேட்கவும் இல்லை.

எங்கள் கிரயப் பத்திரத்தில் அவர்களும் எழுதிக் கொடுப்பவர்களாகச் சேர வேண்டும் என்றார். தங்கை கரூரில் இருந்தார். நானே போனேன். எங்கள் அப்பா வீட்டு மனையா, அதில் எனக்கும் உண்டா என்று அந்தத் தங்கை இரண்டு முறை கேட்டார். விற்கிறவர் அந்த இரண்டு பெண்களுக்கும் பணம் கொடுத்த பிறகுதான் பதிவு நடந்தது. இதனால் எங்களுக்கு நான்கு மாதம் தாமதம். அவசரமாக மனை வேண்டுமென்றால் இந்த அலுவலகம் உங்களுக்குச் சரிப்படாது. அன்றும் அப்படித்தான், இன்றும் அப்படித்தான்.

ஸ்கூட்டியில் வந்த அன்று டீக்கடையில் உட்கார்ந்து கொஞ்சம் பேசினார். அவருடைய அப்பா பத்திர எழுத்தர். சின்ன வயதில் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிர்ப் பெஞ்சில் உட்கார்ந்து பத்திரங்களை உரக்க வாசிப்பாராம், அப்பா படியெடுப்பாராம். பழைய கையெழுத்து பழகியது அங்கேதான். வக்கீலான பிறகு ஒரு சீனியரிடம் சேர்ந்து, அப்புறம் வங்கிகளின் பேனலில், அதாவது அவர்கள் வைத்திருக்கும் வக்கீல் பட்டியலில், சேர்ந்து வீட்டுக் கடன் பத்திரங்கள் பார்த்து, இந்த அலுவலகத்தைப் போட்டார்.

2019-ல் போன் வந்தது. "உங்கள் பேப்பர் கட்டு என்னிடம் இருக்கு, வந்து கையெழுத்துப் போட்டு வாங்கிக்கோங்க சிஸ்டர்" என்றார். போய்ப் பார்த்தால் அலமாரி காலி. கட்சிக்காரர் ஒவ்வொருவரையும் கூப்பிட்டு, ஒரு நோட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டு கட்டைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தார். மாவட்ட நீதிபதியாக நேரடி நியமனம். அப்போது ஏழு வருடமாவது வக்கீலாக இருந்தவர்கள்தான் அதற்கு எழுத முடியும். உயர் நீதிமன்றம் தேர்வும் நேர்முகமும் நடத்துகிறது, ஆளுநர் நியமிக்கிறார். முதல் முறை எழுத்துத் தேர்விலேயே போய்விட்டது என்று அன்றுதான் சொன்னார். சிவில் பக்கம் பயமில்லை, ஆனால் ஒரு கொலை வழக்குகூட நடத்தியதில்லை, மாவட்ட நீதிபதி என்றால் அமர்வு நீதிபதியும்தானே, அதனால் இரண்டு வருடம் விடியற்காலையில் குற்றவியல் சட்டம் படித்தேன் என்றார். வங்கிப் பேனல்களை எழுதிக் கொடுத்து விட்டுவிட்டார். கிளம்பும்போது, "இனிமேல் நான் உங்களுக்கு எதுவும் சொல்ல முடியாது சிஸ்டர். நீங்களும் கேட்கக் கூடாது" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது. அவர் ஜூனியர்களைக் கூப்பிட்டு அறிமுகப்படுத்தினார்.

2023-ல் ஒரு கொலை வழக்கில் சாட்சி சொல்ல பக்கத்து மாவட்டத்துக்குப் போனேன். வெட்டுப்பட்டவரைத் திருச்சிக்குக் கொண்டுவந்த இரவு டியூட்டியில் இருந்தது நான். நீதிமன்ற அறைக்குள் போனால், மேலே நீதிபதி இருக்கையில் வக்கீலம்மா. எனக்கு முன்னால் ஒரு நில மேல்முறையீடு நடந்தது. வக்கீல் பேசிக்கொண்டிருந்தார். வக்கீலம்மா கட்டைப் புரட்டிக்கொண்டே, "உங்கள் 1968 பத்திரத்தில் வடக்கே வாய்க்கால். 2002 பத்திரத்தில் வாய்க்காலைக் காணோமே?" என்று கேட்டார். என் உடம்பு சிலிர்த்துவிட்டது. எதிரில் இருக்கும் அந்த இரண்டு வீட்டாரின் கவலை எனக்குத் தெரியாது. ஆனால் யாரோ ஒருவர் அவர்கள் பத்திரத்தைக் கடைசி வரி வரை வாசித்திருக்கிறார் என்பது தெரிந்தது.

என் முறை வந்தது. கூண்டில் ஏறியதும் சிரிப்பாரா என்று பார்த்தேன். சிரிக்கவில்லை. இரு தரப்பு வக்கீல்களையும் பார்த்து, "இந்தச் சாட்சி நான் வக்கீலாக இருந்தபோது என் கட்சிக்காரர். மனை சம்பந்தமான வேலை. ஆட்சேபணை இருந்தால் இப்போதே சொல்லுங்கள்" என்றார். இல்லை என்று இருவரும் சொன்னதை எழுதச் சொன்னார். அப்புறம்தான் நான் உறுதிமொழி எடுத்தேன். என் குறிப்பில் ஆளைக் கொண்டுவந்த நேரம் 11.40, விபத்துப் பதிவேட்டில் 11.20 என்று எதிர்த்தரப்பு வக்கீல் பிடித்துக்கொண்டார். நான் தடுமாறினேன். நீதிபதி ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "நீங்கள் எந்தக் கடிகாரத்தைப் பார்த்து எழுதினீர்கள்?" வார்டு கடிகாரம். பதிவேடு எழுதியது வாசலில், அங்கிருந்து வார்டுக்கு வரும் நேரம் அந்த இருபது நிமிடம். அதைச் சொல்ல எனக்கு வழி கிடைத்தது. அது எனக்கு உதவியா, வழக்குக்கு எதிரானதா என்று அவர் பார்க்கவில்லை. இரண்டு தாளிலும் ஏன் வேறு வேறு என்பதை மட்டும் பார்த்தார்.

சரி, இப்போதைய அலுவலகத்துக்கு வருகிறேன். 2025-ல் தம்பிக்கு ஒரு மனை. கட்டணம் 6,000 ரூபாய். பதிவுக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம் போகிறது. அதன் பக்கத்தில் இந்தக் கட்டணம் ஒன்றுமே இல்லை. ஜூனியர்கள் அந்த மூன்று பத்தித் தாளை இன்னும் விடவில்லை, நான்கு எல்லையும் வரிசையாக இருந்தது. லேஅவுட்டின் ஒப்புதல் எண்ணையும் ரெரா (மனை, வீடு விற்பனையை ஒழுங்குபடுத்தும் ஆணையம்) பதிவு எண்ணையும் அவர்களே இணையத்தில் சரிபார்த்தார்கள். பதிவு ஆகிவிட்டாலே சொத்து நம்முடையதுதானே என்று தம்பி கேட்டான். விற்கிறவருக்கு உரிமை இருக்கிறதா என்று ஆராய்வது சார்பதிவாளர் வேலை இல்லை என்று 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தமிழ்நாட்டின் பதிவு விதி ஒன்றையே ரத்து செய்திருக்கிறது, அதனால் அதை நாம்தான் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று பொறுமையாக விளக்கினார்கள். இதெல்லாம் நல்லது.

குறைகளும் உண்டு. பத்து நாள் என்றார்கள், 24 நாள் ஆனது. நடுவில் போன் எடுக்கவில்லை. தாலுகா அலுவலகத்துக்குப் போக 1,500 ரூபாய் தனி என்பதை முடிவில்தான் சொன்னார்கள். மனையை நேரில் பார்க்க யாரும் வரவில்லை, தம்பி எடுத்த வீடியோவைப் பார்த்தார்கள். எனக்கு அது போதாது. வண்டிப்பாதையை வீடியோவில் பார்த்திருந்தால் ஒருநாளும் கண்டுபிடித்திருக்க முடியாது. கேட்டு வற்புறுத்தினேன், மூன்றாவது வாரம் இளையவர் வந்து அளந்தார். பெரிய குறை, ஒப்பீனியன் முழுக்க ஆங்கிலத்தில் இருந்தது. வங்கிக்கு அது வேண்டும், சரி. வக்கீலம்மா கடைசியில் தமிழில் ஒரு பக்கம் எழுதுவார். எது சரியாக இருக்கிறது, எது இல்லை, கையெழுத்துப் போடும் முன் யாரிடம் என்ன வாங்க வேண்டும் என்று. அந்த ஒரு பக்கத்தை வைத்துக்கொண்டுதான் நான் கரூர் போனேன்.

போகிறவர்கள் மூலப்பத்திரத்தை ஜெராக்ஸாக அல்ல, அசலாகவே கொண்டுபோய்க் காட்டுங்கள். வீட்டில் எத்தனை பெண்கள், யாருக்கு எப்போது கல்யாணம் என்று விற்கிறவரிடம் முன்பே கேட்டு எழுதிக்கொண்டு போனால் ஒரு வாரம் மிச்சமாகும். இடம் பார்க்க வருவீர்களா என்று முதல் நாளே கேட்டுவிடுங்கள்.

தம்பிக்கு அடுத்த மாதம் பதிவு. தமிழ்ப் பக்கம் தருகிறோம் என்று சொல்லியிருக்கிறார்கள், இன்னும் வரவில்லை. திங்கட்கிழமை நைட் டியூட்டி முடிந்ததும் நேரே போய் உட்கார்ந்து வாங்கிக்கொண்டுதான் வீட்டுக்குப் போவேன்.